போகச் சொன்னால் போகிறவர்

அவர் ஒரு கதிரையில் முழுதாகச் சாய்ந்து இருந்து நான் பார்த்ததில்லை. பல்வைத்தியரிடம் முறைக்குக் காத்திருக்கிறவர் போல, விளிம்பில், முழங்கால் இரண்டையும் சேர்த்து வைத்துக்கொண்டு இருப்பார். யாராவது குசினிக்குள் வந்தால் உடனே எழும்பிவிடுவார். என் அக்காவைக் கட்டியவர், ஏழு வருடம் எங்களோடு ஒரே வீட்டில் இருந்தவர். ஒருநாள் வந்து போகிற விருந்தாளிகூட இதைவிட உரிமையோடு இருப்பாரே என்று எனக்குப் பலமுறை எரிச்சல் வந்திருக்கிறது.

சுவரில் ஒரு ஆணி அடிக்கமாட்டார். கண்ணாடிச் சட்டம் போட்ட கல்யாணப் படம் அத்தனை வருடமும் தரையில், சுவரோடு சாய்ந்தே நின்றது. அலுமாரியில் பாதியை அக்கா காலியாக்கிக் கொடுத்தும் அவருடைய சேட்டுகள் கட்டிலுக்குக் கீழே பெட்டிக்குள்தான் கிடந்தன. சப்பாத்தைக் கழற்றினால் அதன் மூக்கு வாசலைப் பார்க்கும்படி திருப்பி வைத்துவிட்டுத்தான் உள்ளே வருவார். அம்மாவை எதிர்த்து ஒரு சொல் பேசமாட்டார். கறியில் உப்பு இல்லாவிட்டாலும் “நல்லா இருக்கு அம்மா” என்பார். உப்புக் கூடினாலும் அதே பாட்டுத்தான்.

இதையெல்லாம் சகித்துக்கொள்ளலாம். சகிக்க முடியாதது கதவடிச் சாமான்கள். வாசல் கதவுக்குப் பின்னால் மூன்று பொருள்கள் எந்நேரமும் நிற்கும். ஒரு கறுப்புக் குடை, ஒரு டோர்ச் லைற், ஒரு ஊன்றுகோல். ஊன்றுகோல் என்று மரியாதைக்குச் சொல்கிறேன். பனியில் சறுக்கி விளையாடுகிறவர்கள் இரண்டு கையிலும் பிடிப்பார்களே, அந்தத் தடிகளில் ஒன்று. யாரோ வீட்டு முற்றத்தில் பழைய சாமான் விற்றபோது சோடியில் ஒன்றை மட்டும் கேட்டு வாங்கி வந்தார். வெயில் எறிக்கிற ஜூலையிலும் அவை அங்கேதான் நிற்கும். ஒவ்வொரு பூரணைக்கும் டோர்ச்சின் பற்றரியை மாற்றுவார். ஒருநாளும் அந்த டோர்ச்சை அவர் எதற்கும் எரித்ததில்லை.

அவர் கண்டிக்கு மேலே ஒரு மலைக்கிராமத்துச் சிங்களவர். நாங்கள் யாழ்ப்பாணத்துத் தமிழர். மொன்றியலில், செயின்ட்-மிஷேல் பக்கம், கீழே குசினியும் கூடமும் மேலே அறைகளுமாக ஒரு சின்ன வீட்டில் அம்மா, அக்கா, நான் என்று மூன்று பெண்கள் இருந்தோம். அம்மா தையல் தொழிற்சாலையில், அக்கா ஆஸ்பத்திரியின் சலவைப் பகுதியில், நான் கார்டரி என்கிற பிள்ளைகள் காப்பகத்தில் மூக்குத் துடைக்கிற வேலையில். அப்பா உயிரோடுதான் இருந்தார். எனக்கு ஐந்து வயதாக இருந்தபோது ஜேர்மனிக்குப் போனவர், அங்கே இன்னொரு குடும்பத்தோடு இருந்தார். அம்மாவின் சீதன வீட்டிலிருந்து அதிகாலையில் ஒரு சின்னத் தோல்பையோடு புறப்பட்டாராம். அந்தப் பை ஒரு கிழமையாகக் கட்டிலடியில் ஆயத்தமாக இருந்ததாம். கண்டும் நான் கேட்கவில்லையே என்று அம்மா அடிக்கடி சொல்வார்.

அக்காவும் அவரும் சந்தித்தது புதிதாக வந்தவர்களுக்கான பிரெஞ்சு வகுப்பில். அக்காவுக்குச் சிங்களம் தெரியாது. அவருக்குத் தமிழ் தெரியாது. இரண்டு பேருக்கும் பிரெஞ்சும் தெரியாது, அதைப் படிக்கத்தானே போனார்கள். ஆசிரியை இருவரையும் ஒரு மேசையில் இருத்தி, ஒருவர் கடைக்காரர், மற்றவர் வாங்க வந்தவர் என்று பேசிப் பழகச் சொன்னார். பாண் இருக்கிறதா, இருக்கிறது, எத்தனை வேண்டும், இரண்டு வேண்டும் என்று ஒரு குளிர்காலம் முழுக்கக் கேட்டுக்கேட்டே காதலித்துவிட்டார்கள். உலகத்தில் இவ்வளவு குறைந்த சொற்களை வைத்து யாரும் காதலித்திருக்க மாட்டார்கள்.

விஷயம் தெரிந்ததும் அம்மா இரண்டு நாள் சாப்பிடவில்லை. ஆர், எவர், என்ன இனம், என்ன சமயம் என்று அம்மா கேட்கப்போகிற கேள்விகளுக்கெல்லாம் அக்கா பதில் தயாராக வைத்திருந்தாள். மூன்றாம் நாள் அம்மா கேட்டது ஒன்றே ஒன்று.

“விட்டிட்டுப் போகாத ஆளோ?”

“போகமாட்டார் அம்மா.”

“அப்பிடியெண்டால் சரி.”

கல்யாணத்திலேயே வில்லங்கம் தொடங்கியது. ஒரு சின்ன மண்டபம், ஐம்பது பேர். தாலி கட்டி முடிந்ததும் அவர் ஒரு தட்டில் வெற்றிலை பரப்பி, அதன்மேல் ஒரு சுருள் வெள்ளைத் துணியை வைத்து, அம்மாவின் முன்னால் முழந்தாளிட்டு நீட்டினார். நெற்றியில் குங்குமம் வைத்துக்கொண்டு, எங்கேயோ இருக்கிற புருஷனுக்காக வெள்ளிக்கிழமை விரதம் பிடிக்கிற பெண்ணுக்கு வெள்ளைத் துணி. அம்மாவின் தமக்கை, எங்கள் பெரியம்மா, வாயை மூடி வைத்திருக்கத் தெரியாதவர்.

“புருசன் உயிரோடை இருக்கேக்கை வெள்ளை குடுக்கிறான் பாருங்கோவன்!” என்றார், எல்லாருக்கும் கேட்க.

அம்மா இரண்டு கையாலும் வாங்கினார். சபையில் மறுக்கக்கூடாது என்பதற்காக. வீட்டுக்கு வந்து அதைப் பெட்டியின் அடியில் போட்டுப் பூட்டினார். நாலு வருடம் கழித்து, அக்கா வயிற்றில் பிள்ளையோடு இருந்தபோதுதான், ஒருநாள் மரக்கறி நறுக்கிக்கொண்டே கேட்டார்.

“தம்பி, ஒண்டு கேக்கிறன், குறை நினையாதேங்கோ. அண்டைக்கு ஏன் எனக்கு வெள்ளைச் சீலை தந்தனீங்கள்?”

அவருக்கு அப்போது தமிழ் ஓரளவு வந்திருந்தது. அம்மாவிடமே படித்த தமிழ். “நீங்க அவவுக்குப் பால் குடுத்ததுதானே அம்மா. எங்கட ஊரில பொம்பிளையின்ட அம்மாவுக்கு மாப்பிளை வெள்ளைத் துணி குடுக்கும். பாலுக்கு. நிறைய மரியாதை.”

அம்மா கத்தியைக் கீழே வைத்தார். பிறகு மேலே போய் அந்தத் துணியை எடுத்து வந்து தோய்த்துக் காயப்போட்டார். பிள்ளை பிறந்ததும் அதில்தான் ஏணை கட்டித் தாலாட்டினார். தொழிற்சாலையில், தெருவில், பெரியம்மா வீட்டில் என்று கண்ட இடமெல்லாம் அந்தக் கதையைச் சொன்னார்.

வெள்ளைத் துணியைப் பற்றிக் கேட்ட அம்மா கதவடிச் சாமான்களைப் பற்றி மட்டும் கேட்கவில்லை. பதில் தனக்குத் தெரியும் என்று நினைத்தார். ஜேர்மனிக்குப் போன அந்தத் தோல்பைதான் இப்போது குடையாகவும் டோர்ச்சாகவும் வந்து நிற்கிறது என்று நினைத்தார். கேட்டால் அது உண்மையாகிவிடும் என்ற பயம். கேட்பதற்குப் பதிலாக ஒருநாள் குடையை எடுத்துப் பெரிய பிறீஸருக்குப் பின்னால் ஒளித்தார். அவர் அன்று பின்னேரமே சந்தியில் இருக்கிற டெப்பனர் கடையில் புதுக்குடை வாங்கி வந்து அதே இடத்தில் வைத்தார். ஒரு மாதம் விட்டு அதையும் ஒளித்தார். மூன்றாவது குடை வந்தது. அன்றைக்கு அம்மா சமைக்கவில்லை.

எனக்கோ அந்தச் சாமான்கள் எதற்கு என்று தெரியும். கல்யாணமான முதல் குளிர்காலத்திலேயே தெரியும். அதைத்தான் சொல்ல வருகிறேன்.

இலங்கைச் சாமான் விற்கிற ஒரு கடைக்கு இரண்டு வாரம் பிந்திச் சிங்கள ஞாயிறு பத்திரிகை வரும். அவர் அதை வாங்கி வந்து, நேராகக் கல்யாண விளம்பரப் பக்கத்தை விரித்து, அம்மாவுக்கு மொழிபெயர்த்துச் சொல்வார். பிரெஞ்சும் ஆங்கிலமும் பிய்த்துப்போட்ட தமிழுமாக அவர் சொல்ல, அக்கா நடுவில் திருத்துவாள். “கண்டி. நல்ல குடும்பம். பௌத்த அம்மா அப்பா. மகள் முப்பத்தொரு வயசு, வெள்ளை, அடக்கம். குடிக்காத, சிகரெட் இல்லாத, அரசாங்க வேலை மகன் வேணும். சாதகக் குறிப்போட எழுதுங்க.”

“செவ்வாய் தோஷமும் பாக்கிறவையோ?” அம்மா கேட்பார்.

“பாக்கும், பாக்கும். அது இருந்தா விளம்பரத்திலயே போடும்.”

“இது எங்கடை பேப்பர்தானே! எழுத்துத்தான் வேறை,” என்று அம்மா சிரிப்பார். அந்த வீட்டில் அவர் அம்மாவைச் சிரிக்கவைத்த நேரம் அது ஒன்றுதான். காதல் கதைகளும் சொல்வார். அவருடைய ஊர்க் கதைகளில் காதலிக்கிறவர்கள் ஆற்றைக் கடப்பார்கள், மலை ஏறுவார்கள், அரசனிடம் மாட்டுவார்கள். எந்தக் கதையும் ஓர் இடத்தில் உட்கார்ந்திராது. கல்யாணம் முடிந்து சுகமாக இருந்தார்கள் என்று முடிந்த ஒரு கதையும் எனக்கு நினைவில்லை.

விளம்பரம் வாசிக்கும்போது சில இடங்களில் ஒரு சொல்லை விழுங்கிவிட்டு அடுத்ததற்குத் தாவுவார். நான் கவனித்துவிட்டேன். ஒருநாள் அம்மாவும் அக்காவும் கடைக்குப் போயிருந்த நேரம், விடாப்பிடியாகக் கேட்டேன். அவர் வெட்கப்பட்டுச் சிரித்தார். பிறகு அந்த மூன்று மொழிக் கலவையிலேயே சொன்னார்.

அவர்கள் ஊரில் கல்யாணம் இரண்டு வகை. பெண் மாப்பிள்ளை வீட்டுக்குப் போனால் அது ‘தீக’. மாப்பிள்ளை பெண் வீட்டுக்கு வந்தால் அது ‘பின்ன’, அவர் விழுங்கிய சொல். பின்ன மாப்பிள்ளைக்கு அந்த வீட்டில் எதுவும் சொந்தமில்லை. மாமியார் எந்த நேரம் போகச் சொன்னாலும், ஏன் என்று கேட்காமல் போகவேண்டும். அதனால் பழைய நாளில் பின்ன மாப்பிள்ளைகள் மூன்று பொருளை வாசலில் ஆயத்தமாக வைத்திருப்பார்களாம். மழை பெய்தால் பிடிக்கத் தாளிப்பனை ஓலை. இருட்டானால் கொளுத்தப் பந்தம். காய்ச்சலில் கிடந்தாலும் எழும்பி நடக்க ஒரு பொல்லு. மழை, இருட்டு, வருத்தம் என்று எந்தச் சாட்டும் சொல்லக்கூடாது.

“இப்ப ஊரில ஒருவரும் வைக்கிறது இல்ல. சிரிக்கும்,” என்றார். “ஆனா நான் அம்மாட வீட்டுக்கு வந்தது. வைக்காட்டி மரியாதை இல்லைதானே?”

எனக்குச் சிரிப்புத் தாங்கவில்லை. யாழ்ப்பாணத்தில் மாப்பிள்ளை பெண் வீட்டுக்கு வருவதுதான் வழக்கம், வீடே பெண்ணின் சீதனம்தான். வந்த மறுநாளே மாப்பிள்ளை சாய்மனைக் கதிரையில் காலை நீட்டிக்கொண்டு தேத்தண்ணிக்குச் சத்தம் போடுவார். மாமியார் அவர் இருக்கிற பக்கம் உரத்து இருமவும் மாட்டார். எங்கள் ஊரில் ராஜாவாக இருக்கவேண்டியவர், தங்கள் ஊர்க் கணக்கில் எங்கள் வீட்டில் ஒற்றைக்காலில் நின்றுகொண்டிருந்தார்.

“போகச் சொல்லுவினம் எண்டு தெரிஞ்சும் ஏன் உங்கடை ஆக்கள் அப்பிடிக் கட்டினவை?” என்று கேட்டேன்.

அவர் யோசித்துத்தான் பதில் சொன்னார். “ஒவ்வொரு நாளும் காலையில பாக்கும். பொல்லு இருக்கு, குடை இருக்கு. போகலாம். ஆனா போகல்ல. அடுத்த நாளும் போகல்ல. லவ் எண்டா அதுதான்.”

இதை நான் அம்மாவிடம் சொல்லியிருக்கலாம். ஐந்து நிமிட வேலை. சொல்லவில்லை. முதலில் ஒரு ரகசியம் கையில் இருக்கிற குஷி. பிறகு அதைவிட மோசமான ஒன்று. அவர் வருமுன் நாங்கள் மூன்று பேர் ஒரு கட்டிலில் குறுக்கும் மறுக்குமாகப் படுத்து விடியவிடியக் கதைத்தவர்கள். இப்போது அக்காவின் அறைக்கதவைத் தட்டிவிட்டு நிற்கவேண்டியிருந்தது. இந்த மனிதர் ஒருநாள் போகக்கூடும் என்று அம்மா பயந்தபோது, போனால் என்ன என்று எனக்குள் ஒரு மூலையில் இருந்தது. வெட்கமாகத்தான் இருக்கிறது, ஆனால் இருந்தது. ஆறு வருடம் அவரை அத்தான் என்றும் நான் கூப்பிடவில்லை. ஒன்றும் சொல்லிக் கூப்பிடாமலே ஒரு மனிதரோடு ஆறு வருடம் பேசலாம், முயன்றால் முடியும்.

பிறகு வன்னியில் போர் முடிவுக்கு வந்துகொண்டிருந்த அந்த வசந்தம். எங்கள் மாமா, அம்மாவின் ஒரே தம்பி, குடும்பத்தோடு அங்கே அகப்பட்டிருந்தார். வீட்டில் யாரும் யாரோடும் பேசவில்லை. ரீவி எந்நேரமும் ஓடியது. அவர் பத்திரிகை வாங்குவதை நிறுத்தினார். படியில் உட்கார்ந்து தூரத்திலிருந்து ரீவியைப் பார்ப்பார், அம்மா திரும்பினால் எழும்பிக் குசினிக்குள் போய்விடுவார். காலையில் அம்மா எழும்புமுன் தேத்தண்ணி போட்டு மூடி வைத்திருப்பார். அம்மா அதைக் குடிப்பார், யார் போட்டது என்று கேட்கமாட்டார்.

ஏப்ரல் கடைசியில் ஒரு சனிக்கிழமை காலை செய்தி வந்தது. ஷெல் விழுந்து மாமா போய்விட்டார். பத்து மணிக்குள் வீடு சனத்தால் நிறைந்துவிட்டது. அக்கா வேலையில் இருந்தாள். அம்மா நிலத்தில் இருந்து அழுதுகொண்டிருந்தார். அவர் குசினிக்குள் நின்று எல்லாருக்கும் தேத்தண்ணி போட்டு, தட்டத்தில் வைத்துக் கொண்டுவந்தார். பெரியம்மா முகத்தைத் திருப்பி, “எனக்கு வேண்டாம்,” என்றார். பக்கத்தில் இருந்தவரும் வேண்டாம் என்றார். அதற்கடுத்தவரும். ஒரு கோப்பைகூடக் குறையவில்லை. நிறைந்த தட்டத்தோடு அவர் கூடத்தின் நடுவில் நின்றார். எங்கே வைப்பதென்று தெரியாமல் அப்படியே நின்றார்.

அம்மா தலையை நிமிர்த்திப் பார்த்தார்.

“இஞ்சை நிக்காதை!” என்று கத்தினார். “என்ரை கண்ணுக்கு முன்னாலை நிக்காதை. போ! போ எண்டுறன்!”

அவர் தட்டத்தைக் குசினியில் கொண்டுபோய் வைத்தார். கையைத் துடைத்தார். வாசலில் குந்தியிருந்து சப்பாத்துக் கயிற்றைக் கட்டினார். கதவுக்குப் பின்னால் இருந்து குடையை, டோர்ச்சை, தடியை எடுத்தார். அம்மா இருந்த பக்கம் திரும்பி, இரண்டு கையும் நிறையச் சாமான்களோடு தலைகுனிந்து கும்பிட்டார். பிறகு போய்விட்டார். வெளியே கண்ணைக் கூசவைக்கிற வெயில்.

“பாத்தியோ?” என்றார் பெரியம்மா. “எல்லாம் ஆயத்தமாய் வைச்சிருந்தவன்.”

“போயிட்டார்,” என்றார் அம்மா. “இவரும் போயிட்டார்.”

நான் யன்னலில் நின்று பார்த்தேன். ஓடிப்போய்க் கையைப் பிடித்திருக்கலாம். தெருமுனையில் பச்சை விளக்குக்காக நின்றார், எனக்கு நேரம் இருந்தது. நான் அசையவில்லை.

அவர் இல்-பிசாரில் ஒரு பூங்கன்றுத் தோட்டத்தில் வேலை செய்துவந்தார். அங்கேயே சாமான் அறைக்கு மேலே ஒரு சின்ன அறையில் தங்கிக்கொண்டார். ஒவ்வொரு நாளும் அக்காவுக்குப் போன் எடுப்பார். அந்தப் பாண்கடைப் பிரெஞ்சில்தான் பேசினார்கள். மகள் சாப்பிட்டாளா, சாப்பிட்டாள், நித்திரையா, நித்திரை. வாங்கோ என்று அக்கா கேட்டால் ஒரே பதில்: அம்மா கூப்பிடவேண்டும்.

“நான் கூப்பிட்டால் காணாதோ?” அக்கா போனை வைத்துவிட்டு என்னிடம் வெடித்தாள். “என்னைக் கட்டினவரோ, அம்மாவைக் கட்டினவரோ? பிள்ளையின்ரை பிறந்தநாளுக்கு முன்னம் அவராய் வரவேணும். இல்லாட்டி இனி வரவே வேண்டாம்.”

அக்கா சொன்னால் சொன்னதுதான். அவளுடைய பிடிவாதம் எங்கள் மூன்று பேருக்கும் தெரியும். அவர் அம்மா கூப்பிடக் காத்திருந்தார். அக்கா அவராக வரக் காத்திருந்தாள். அம்மாவோ, போனவர்கள் திரும்பி வருவதில்லை என்று பட்டுத் தெளிந்தவர், காத்திருக்கவேயில்லை. இந்த மூன்றையும் ஒரே வசனத்தில் அவிழ்க்கக்கூடிய ஆள் நான் ஒருத்திதான். நாளாக ஆக அது தொண்டையில் இன்னும் கீழே இறங்கியது. அப்பவே சொல்லியிருந்தால் ஒரு பகிடிக் கதை. இப்போது சொன்னால், ஏன் இவ்வளவு காலம் சொல்லவில்லை என்று கேட்பார்களே. கார்டரியில் பிள்ளைகளுக்கு உண்மை பேசச் சொல்லிக்கொடுக்கிற நான் வீட்டுக்கு வந்தால் வாய் திறப்பதில்லை. மெட்ரோவில் இறங்கவேண்டிய நிறுத்தத்தைத் தவறவிட்டேன்.

பிறந்தநாளுக்கு இரண்டு நாள் இருந்தது. காலையில் அக்கா கட்டிலடிப் பெட்டியை இழுத்து, அவருடைய சேட்டுகளைக் கறுப்புப் பைகளுக்குள் திணிக்கத் தொடங்கினாள். பழைய உடுப்பு வாங்குகிற கடைக்குக் கொடுக்கப்போகிறாளாம். ஒரு பையை என்னிடம் நீட்டி, வாயைப் பிடி என்றாள். பிடித்தேன். அவர் வகுப்புக்குப் போட்டுக்கொண்டு போன நீலச் சேட்டு உள்ளே விழுந்தது. நான் பையை விட்டுவிட்டுக் கீழே இறங்கி ஓடினேன்.

அம்மா குசினியில் அரிசி களைந்துகொண்டிருந்தார். எல்லாவற்றையும் ஒரே மூச்சில் சொன்னேன். பின்ன, தீக, ஓலை, பந்தம், பொல்லு. அது ஓடுவதற்கு வைத்ததில்லை, அம்மாவுக்கு மரியாதையாக வைத்தது. அன்றைக்கு அவர் ஓடவில்லை, போகச் சொன்னதால் போனார்.

தண்ணீர்க் குழாயை அம்மா மெல்ல மூடினார்.

“எத்தினை வருசமாய் உனக்குத் தெரியும்?”

“ஆறு.”

அடிப்பார் என்று நினைத்தேன். அடித்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். அம்மா ஈரக்கையை உடுப்பில் துடைத்துவிட்டுக் கோட்டை எடுத்துப் போட்டார். அக்கா படியில் நின்று எல்லாவற்றையும் கேட்டிருக்கிறாள்.

“நான் வரமாட்டன்,” என்றாள். “அம்மா போறதெண்டால் போகட்டும்.”

இரண்டு மெட்ரோ, இரண்டு பஸ். சனிக்கிழமை என்பதால் இல்-பிசாருக்குப் போகிற பஸ்ஸுக்கு முக்கால் மணி நேரம் நின்றோம். அம்மா அந்த வழி முழுக்க என்னோடு ஒரு சொல் பேசவில்லை. இடம் வந்துவிட்டதா என்றுகூட என்னிடம் கேட்காமல் சாரதியிடம் போய்த் தன்னுடைய ஐந்து பிரெஞ்சுச் சொற்களில் கேட்டார்.

மே மாதம் பூங்கன்று வியாபாரம் சூடாக நடக்கிற காலம். கண்ணாடிக் கூடாரத்துக்குள் சனம் வண்டில்களைத் தள்ளிக்கொண்டு திரிந்தது. அவர் கன்றுத் தட்டுகளை மார்போடு அணைத்துத் தூக்கி வந்துகொண்டிருந்தார். அம்மாவைக் கண்டதும் நின்றுவிட்டார். தட்டுகளை ஈர நிலத்தில் வைத்துவிட்டுக் காலைத் தொட்டுக் கும்பிடக் குனிந்தார்.

“எழும்புங்கோ,” என்றார் அம்மா. “உங்களை ஆர் வீட்டை விட்டுப் போகச் சொன்னது?”

“அம்மாதானே சொன்னது.”

“ஓம், சொன்னனான். அண்டைக்கு எனக்கு உங்களிலை கோவமும் இருந்தது. இல்லையெண்டு பொய் சொல்லமாட்டன். என்ரை தம்பி போயிட்டான், ஆரிலையாவது கோவிக்க வேணும்தானே.” அம்மா மூக்கைச் சிந்தினார். “அதோடை, ஒருத்தரும் எடுக்காத தேத்தண்ணியைத் தூக்கிக்கொண்டு அவையளுக்கு முன்னாலை நீங்கள் நிண்டியள். என்னாலை அதைப் பாத்துக்கொண்டு இருக்க ஏலாமல் போச்சு.”

அவருடைய கைகள் எல்லாம் மண்.

“நான் என்ரை பிள்ளையளை நாளைக்குப் பத்துத்தரம் போ எண்டு கலைக்கிறனான். இந்தா நிக்கிறாளே, இவளைக் கேளுங்கோ. ஒருத்தரும் போறேல்லை. எங்கடை வீட்டிலை போ எண்டு சொன்னால் எங்கை போறதெண்டு உங்களுக்கு ஒருத்தரும் சொல்லித்தரேல்லையோ? மேலை அறைக்குப் போறது. கதவை அடிச்சுச் சாத்திப்போட்டுக் கோவமாய்ப் படுத்திருக்கிறது. பசிச்சால் இறங்கி வாறது. அதுதான் எங்கடை வழக்கம்.”

அவர் முழங்கையால் கண்ணைத் துடைத்தார். முகமெல்லாம் மண்ணாகிவிட்டது. “இந்த வரிசையை முடிச்சிட்டு வாறன், அம்மா,” என்றார்.

அம்மா கவிழ்த்து வைத்திருந்த ஒரு வாளியின்மேல் இருந்துகொண்டார். ஒன்றரை மணி நேரம் இருந்தார்.

திரும்பி வரும் பஸ்ஸில் அம்மா அயர்ந்து தூங்கிவிட்டார். அவர் என்னிடம் திரும்பினார். “அண்டைக்கு நான் சொன்னது உங்களுக்கு நல்லா விளங்கினதுதானே?”

“ஓம்.”

“அம்மாக்குச் சொல்லல்லையா?”

“இல்லை.”

ஏன் என்று கேட்பார் என்று காத்திருந்தேன். அவர் கேட்கவில்லை. யன்னல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டார். அதற்குப் பிறகு என்னோடு அன்பாகத்தான் இருந்தார். என் கல்யாணத்துக்கு ஓடியாடி வேலை செய்தார், நான் அத்தான் என்று கூப்பிட்டால் சிரிப்பார். கதை மட்டும் எனக்கு ஒன்றும் சொன்னதில்லை. நான் ஒட்டாவாவுக்குக் குடிபோய்ப் பல வருடங்கள் ஆகிவிட்டன. இன்றைக்கும் எனக்கு அது உறுத்துகிறது.

அக்கா அவரைச் சும்மா உள்ளே எடுக்கவில்லை. பிறந்தநாளுக்கு மூன்று பேருமாகக் கேக் வெட்டினார்கள், படத்துக்குச் சிரித்தார்கள், அவ்வளவுதான். ஒரு மாதம் அவரோடு முகம் கொடுத்துப் பேசவில்லை. கதவடிச் சாமான்கள் பழைய இடத்துக்கே வந்திருந்தன. அவர் வீட்டுக்குள் முன்னைவிட மெதுவாக நடந்தார். அம்மா ஏதாவது சத்தமாகச் சொன்னால் நாங்கள் எல்லாரும் வாசலைப் பார்த்தோம். அம்மாவும் வாய்க்கு வந்ததை விழுங்கி விழுங்கிக் கதைத்தார். எப்போது என்ன நடக்குமோ என்று வீடே நுனிக்காலில் நின்றது.

ஜூன் முடிகிற ஒரு ஞாயிறு மத்தியானம். நெருப்பு வெயில். மகளை வெளியே கூட்டிப்போக அவர் சப்பாத்துப் போட்டுவிட்டார். அம்மா வந்து, காது குளிர்ந்துவிடும் என்று பிள்ளையின் தலையில் கம்பளித் தொப்பியை இழுத்து மாட்டினார். அவர் அதைக் கழற்றினார்.

“வேண்டாம் அம்மா. வெயில். பிள்ளைக்கு வேர்க்குது.”

அக்காவின் கையில் அகப்பை அப்படியே நின்றது. ஏழு வருடத்தில் அம்மாவிடம் அவர் சொன்ன முதல் வேண்டாம்.

அம்மா திரும்பவும் மாட்டினார். அவர் திரும்பவும் கழற்றினார்.

“ரெண்டு பிள்ளை வளத்த எனக்குப் பிள்ளை வளக்கக் காட்டித் தாறியளோ?” அம்மா சத்தம் போட்டார். “கண்டறியாத வெயில்! போங்கோ அங்காலை!”

சொல்லிவிட்டு அம்மாவே திடுக்கிட்டுப்போனார். அவர் வாசல் கதவைப் பார்த்தார். அம்மாவைப் பார்த்தார். பிறகு தொப்பியைக் கதிரையில் எறிந்துவிட்டு, படிகளில் தொம் தொம் என்று ஏறினார். மேலே அறைக்கதவு வீடு அதிர அடித்துச் சாத்தப்பட்டது. சுவர்ச் சுண்ணாம்பு கொஞ்சம் உதிர்ந்து படியில் விழுந்தது.

அக்காவுக்குச் சிரிப்பும் அழுகையும் ஒன்றாக வந்தது. ஒரு மாதத்துக்குப் பிறகு அவள் அவரைப் பார்க்க மேலே ஓடினாள்.

அம்மா விளக்குமாறை எடுத்துவந்து சுண்ணாம்பைக் கூட்டினார்.

“சாத்தட்டும், சாத்தட்டும்,” என்றார். “அவரின்ரை வீட்டுக் கதவுதானே. உடைஞ்சால் அவர்தான் திருத்த வேணும்.”